கட்டத்துக்கு வெளியே

நினைவு மலருக்கென்று ஐந்து கட்டம் போட்ட தாள் தந்தார்கள்:
பெயர், நின்று ஆடிய இடம், ஆண்டுகள், ஆட்டங்கள், கோல்கள்.
ஆளுக்கு அரைப் பக்கம்.

பெயர் சில்வேரியூஸ். இனையத்தில் சில்வேரி.
ஞானஸ்நானப் பதிவேட்டில்
ஆண்டின் முதல் இரண்டு எண்களை விட்டு
மிச்சத்தைச் செல் தின்றிருக்கிறது.

இடது விங். வெறுங்கால்.
கரைமணலில் இந்த ஓட்டம் ஓடுகிறவன்
புல்லில் இறங்கினால் என்ன ஆகும் என்று பார்த்த
கொல்லத்து அண்டி ஆபீஸ்காரர்கள் கூட்டிப்போனார்கள்.
மாதம் ஒன்பது ரூபாய், கோலுக்கு நாலு சக்கரம்.
அந்தச் சக்கரக் கணக்கு கிடைத்தால்
கடைசிக் கட்டத்தை நிரப்பிவிடலாம்.
திருவனந்தபுரத்தில் கேட்டால்,
ஐம்பத்தாறில் எல்லை மாறினப்போ
உங்க ஆளுக்க தாளெல்லாம் அங்க அனுப்பியாச்சு என்கிறார்கள்.
நாகர்கோவிலில் கேட்டால் வரவில்லை.
இடையில் களியக்காவிளை. அங்கே யாரிடம் கேட்பது?

பர்மா அரிசி நின்ற வருடம்
மரச்சீனியும் சாளையும்,
மறுநாள் சாளையும் மரச்சீனியும்.
பட்டாளத்தில் சோறு உண்டென்று கையெழுத்துப் போட்டான்.
துப்பாக்கி தரவில்லை, மண்வெட்டி தந்தார்கள்.
அஸ்ஸாம், லெடோ. மலையை வெட்டி ரோடு.

இனி வருவது, கூட மண் வெட்டிய
தேங்காய்ப்பட்டணம் பீர்கண்ணு
சாவதற்கு முந்தின மாதம் டேப்பில் சொன்னது:

அமெரிக்கன் ஒருத்தன், வெலிக்கா, புல்டோசர் ஓட்டி.
ஊரில் சம்பளத்துக்குப் பந்தாடியவன்.
இரண்டு சீசன் ஆடினான், மூன்றாவதில் சண்டை வந்து கொண்டுபோனது.
எனக்கும் அதுதாம் ஜோலி என்று
சில்வேரி நெஞ்சைத் தொட்டுக் காட்டினான்.
அவன் பையிலிருந்து எடுத்ததோ
தொண்டு உரிக்காத தேங்காய் மாதிரி.
காலால் தட்டினால் தெற்கே போகாமல்
மேற்கே போய், திரும்பி
தட்டினவன் முட்டிலேயே அடித்தது.
கையால் எடு என்றான் வெலிக்கா.
கையா? அது ஃபௌல் அல்லவா?
எடு. நெஞ்சோடு அணை. எவன் மறித்தாலும் ஓடு.
கோட்டைத் தாண்டினால் ஆறு.
ஒரு கை முழுக்க விரித்து
மறு கையில் கட்டைவிரல் காட்டினான்.

மழை பிடித்த ஒரு சாயங்காலம் மலை சரிந்தது.
புல்டோசர் நின்ற இடத்தில்
மூங்கில் வேர் மேல்நோக்கிக் கிடந்தது.
பந்தைக் கேட்டு யாரும் வரவில்லை.
அட்டை கடித்த புண்ணில்
சில்வேரிக்கு இடது காலில் இரண்டு விரல் போனது.

நாற்பத்தாறில் வந்தவன் விங்குக்கு உதவவில்லை.
போஸ்டில் நிறுத்தினார்கள்.
இந்தக் கையை எங்கலே வச்சிருந்த என்று ஊர் கேட்டது.
எந்தப் பக்கம் திரும்பும் என்று
தனக்கே தெரியாத பந்தைப் பிடித்துப் பழகியவனுக்கு
உருண்டைப் பந்து ஒரு பொருட்டா?

நாற்பத்தொன்பது. குளச்சல். இறுதி ஆட்டம்.
கோல் இல்லை. ஐந்து நிமிடம் பாக்கி, அவர்களுக்குக் கார்னர்.
மழை பிடித்தது.
எல்லாத் தலைக்கும் மேலே எம்பிப் பிடித்தான்.
பிடித்தவன் உதைக்கவில்லை.
நெஞ்சோடு அணைத்தான். ஓடினான்.
கட்டத்தைத் தாண்டினான், விசில்.
நடுக்கோட்டைத் தாண்டினான், விசில், விசில்.
மறித்தவனைத் தோளால் சாய்த்தான்.
நம்மாள் ஒருத்தன் கும்பிட்டு மறித்தான், அவனையும்.
எதிர்க் கோட்டுக்கு அப்பால், சேற்றில்
இரண்டு கையாலும் பந்தை வைத்து
அதன்மேல் குப்புறக் கிடந்தான்.
சனம் சிரித்தது.
அவன் எழும்பாததால் சிரிப்பு நின்றது.

ஃப்ரீ கிக். ஒன்றுக்குப் பூஜ்யம். தோற்றோம்.
பிறகு அவன் ஆடவில்லை.
கமிட்டி விடவில்லை என்றும் சொல்வார்கள்.

மீன் சாக்கின்மேல் ஏறி நின்று
அன்றைக்குக் கைதட்டியது நான் ஒருத்தன்தான்
என்பதோடு பீர்கண்ணுவின் டேப் முடிகிறது.
அப்புறம் இருமல்.

நாளை மலர் அச்சுக்குப் போகிறது.
ஆட்டங்கள்: தெரியவில்லை.
கோல்கள்: தெரியவில்லை என்று எழுதி, அடித்து,
ஆறு என்று எழுதினேன்.

எந்த ஆட்டத்தில் என்று
செயலாளர் கேட்பார்.